படமெடுப்பவர்கள்

பாம்பும் படமெடுக்கும், மனிதரும் படமெடுப்பர் என்னும் சிலேடையை வகுப்பறையில் எத்தனையோ ஆண்டுகள் சொல்லிப் பிள்ளைகளைச் சிரிக்க வைத்திருக்கிறோம். எங்களுள் ஒருவர் தமிழும் மற்றவர் அறிவியலும் கற்பித்தோம். மணமான மறு ஆண்டே தென்னேரிக்கு வந்து நெசவாளர் தெரு ஒன்றில் குடியேறிய நாங்கள், பணி ஓய்வுக்குப் பின்னும் அந்தத் தெருவை விட்டு நகரவில்லை. இனி நகரும் எண்ணமும் இல்லை.

ஏரியைப் பற்றிச் சொல்லாமல் எங்கள் ஊரைப் பற்றிச் சொல்ல இயலாது. காஞ்சிபுரம் வட்டாரத்துப் பெரிய ஏரிகளுள் ஒன்று அது. தொண்டைமான் இளந்திரையன் பெயரால் 'திரையனேரி' என வழங்கியதே பின்னர்த் தென்னேரி என மருவியது என்பர் வரலாற்றறிஞர். ஐப்பசியில் மழை பிடித்துக் கொண்டால் கார்த்திகைக்குள் ஏரி தளும்பி நிற்கும். அப்போது கரையின் வளைகளிலும் வயல் வரப்புகளின் பொந்துகளிலும் தண்ணீர் புகும். அங்கே குடியிருந்த உயிர்களெல்லாம் மேட்டைத் தேடி வரும். மேடு என்பது எங்கள் தெரு.

1989-ஆம் ஆண்டு மழைக்காலத்தில் பள்ளி வளாகத்துக்குள் ஆறடி நீளத்தில் ஒரு பாம்பு வந்துவிட்டது. பிள்ளைகள் அலறினர். நாங்கள்தாம் முதலில் கழியைத் தேடினோம். அடித்தவர் எங்களுள் ஒருவர், எதிர்ப்புறம் நின்று வழிமறித்தவர் மற்றவர். பாம்பு அசைவற்றுப் போனதும் பிள்ளைகள் கைதட்டினார்கள். அந்தக் கைதட்டல் எங்களுக்குப் பெருமையாகவே இருந்தது என்பதை இங்கே ஒளிக்காமல் சொல்லிவிட வேண்டும். பாம்பின் தலையை மிதித்து நிற்கும் அன்னையின் சுரூபத்தைப் பார்த்து வளர்ந்த கண்கள் எங்களுடையவை. பாம்பை அடிப்பது பாவமாகும் என்று எவரும் எங்களுக்குச் சொன்னதில்லை.

ஏரிக்கரையில் குடிசை போட்டிருந்த இருளர் மூதாட்டி ஒருவர் அவ்வழியே விறகு சுமந்து வந்தார். சுமையை இறக்கிவிட்டுக் குனிந்து பார்த்தார். "ஐயா, இது சாரைங்க. இது கடிச்சாலும் ஒண்ணும் ஆவாதுங்க" என்றார். பிறகு பாம்பின் வயிற்றை விரலால் மெல்ல அழுத்திக் காட்டினார். நடுவில் ஓர் உருண்டை தெரிந்தது. "எலி முழுங்கியிருக்குது. உங்க நெல்லைத் தின்ன எலிதான்." அதற்குமேல் அவர் ஒன்றும் சொல்லவில்லை. குற்றம் சாட்டும் தொனியும் அந்தக் குரலில் இல்லை. சுமையை ஏற்றிக்கொண்டு போய்விட்டார். அறிவியல் கற்பித்தவருக்குச் சாரைக்கும் நாகத்துக்கும் வேறுபாடு தெரியவில்லை. அந்தப் பெண்மணிக்கு எழுதப் படிக்கத் தெரியாது. அவர் பேரப்பிள்ளைகள் எங்கள் பள்ளியில் கடைசி வரிசையில் அமர்ந்திருந்தார்கள். ஏன் கடைசி வரிசை என்று அன்று நாங்கள் கேட்டுக்கொள்ளவில்லை.

மூன்றாண்டுகள் கழிந்தன. 1992, அதுவும் மழைக்காலம். எங்களுக்கு இரண்டு வீடு தள்ளிக் குழித்தறி போட்டிருந்த நெசவாளரின் மகன் ஏழாம் வகுப்பில் எங்களிடம் படித்தான். தறிக்குப் பக்கத்தில் மண்தரையில் பாய் விரித்துப் படுப்பது அவன் வழக்கம். ஒருநாள் விடியற்காலை நான்கு மணியளவில் அவன் தாய் எங்கள் கதவைத் தட்டினார். பையனுக்கு வயிற்றுவலி. முந்தைய நாள் ஒரு திருமண வீட்டில் சாப்பிட்டிருந்தான். உணவு ஒத்துக்கொள்ளவில்லை என்று நாங்கள் தீர்மானித்தோம். ஓமம் கொதிக்க வைத்துக் கொடுத்தோம். கண் இமைகள் சொருகின. தூக்கக் கலக்கம் என்றோம். பேச்சுக் குழறியபோதுதான் அச்சம் பிறந்தது. அப்போதும் யாரோ ஒருவர் பக்கத்து ஊர் மந்திரக்காரரை அழைத்துவரச் சொன்னார். எங்கள் இருவருக்கும் அதை மறுத்துச் சொல்லும் துணிவு வரவில்லை. ஒரு வண்டி பிடித்து மருத்துவமனையை அடைவதற்குள் வழியிலேயே அவன் மூச்சு நின்றது. மறுநாள் பாயைச் சுருட்டியபோது, தறிக்குழியின் மூலையில் கறுப்பு உடலில் வெள்ளை வளையங்களுடன் ஒரு கட்டுவிரியன் சுருண்டு கிடந்தது.

கட்டுவிரியன் இரவில் நடமாடும். தரையில் உறங்குவோரைக் கடிக்கும். கடிவாயில் வலி மிகுதியாக இராது, வீக்கமும் பெரும்பாலும் இராது. கடிபட்டவர் விழிக்கும்போது வயிறு வலிக்கும், இமைகள் தாழும், பின்னர் மூச்சுவிடும் தசைகள் செயலிழக்கும். காலத்தில் நச்சுமுறி மருந்து ஏற்றி, தேவைப்பட்டால் செயற்கை மூச்சும் கொடுத்தால் பிழைக்க வழியுண்டு. இவ்வளவையும் இன்று நான்கு வரியில் எழுத முடிகிறது. அன்று இதில் ஒரு வரியும் எங்களுக்குத் தெரியாது.

பையனின் தந்தை எங்களை ஒருநாளும் பழித்ததில்லை. "விதி, சார்" என்றார். நாங்களும் அந்தச் சொல்லுக்குள் ஒளிந்துகொண்டோம். பன்னிரண்டு ஆண்டுகள் ஒளிந்திருந்தோம்.

2004-ஆம் ஆண்டு சென்னையைச் சேர்ந்த சேகர் தத்தாத்ரி என்னும் காட்டுயிர் ஆவணப்பட இயக்குநருக்கு ரோலெக்ஸ் விருது கிடைத்தது. அவரைப் பற்றிய கட்டுரை ஒன்று எங்கள் கைக்கு வந்தது. விருதுச் செய்திகளைப் பொதுவாக நாங்கள் முழுதும் படிப்பதில்லை. இதில் 'பாம்பு' என்னும் சொல் கண்ணில் பட்டதால் படித்தோம்.

அவர் 13 வயதுச் சிறுவனாகச் சென்னைப் பாம்புப் பண்ணைக்குத் தொண்டு செய்யப் போனவராம். ரோமுலஸ் விட்டேக்கர் நிறுவிய பண்ணை அது. எண்பதுகளின் நடுவில், ஜான் ரைபர், லூயிஸ் ரைபர் என்னும் தம்பதியர் விட்டேக்கருடன் சேர்ந்து பாம்புக்கடியைப் பற்றி 'ஸ்நேக்பைட்' என்றொரு படம் எடுத்தார்கள். அந்தப் படப்பிடிப்பில் உடனிருந்து வேலை செய்ததுதான் இளைஞர் சேகருக்குத் திரைக்கலையின் முதற்பாடம். பின்னர் 1987-இல், இருளர்களின் பாம்புபிடிப்போர் கூட்டுறவுச் சங்கத்தைப் பற்றி ஒரு படம் வந்தது.

இங்கேதான் நாங்கள் தாளைக் கீழே வைத்துவிட்டோம். எண்பதுகளின் நடுவில்! எங்கள் தெருவில் அந்த விடியற்காலை வருவதற்குச் சில ஆண்டுகள் முன்பே, கடிபட்டவரை எப்படிக் காப்பது என்பதைச் சொல்ல ஒரு படம் எடுக்கப்பட்டிருந்தது. எடுத்த மனிதர்கள் இருந்தது கடல் கடந்த நாட்டிலன்று, சென்னையில். இருளர் சங்கம் இருந்த வடநெம்மேலியோ அன்று எங்களுடைய அதே செங்கல்பட்டு மாவட்டம், பேருந்து மாறி மாறிச் சென்றாலும் ஒரு பகலுக்குள் போய்த் திரும்பிவிடலாம்.

அதன்பின் அவர் எடுத்த படங்களைப் பற்றிக் கிடைத்ததையெல்லாம் தேடிப் படித்தோம். கேரளத்து அமைதிப் பள்ளத்தாக்கைப் பற்றி 1991-இல் ஒரு படம். குந்திப்புழை ஆற்றில் அணை கட்டுவதை எதிர்த்து மக்கள் நடத்திய நெடிய போராட்டத்தின் பயனாக அந்தக் காடு 1984-இல் தேசியப் பூங்காவாக அறிவிக்கப்பட்டிருந்தது. அங்கே வாழும் சிங்கவால் குரங்கை நேரில் காணும் வாய்ப்பு நம்மில் எத்தனை பேருக்கு உண்டு? பின்னர் நாகரஹொளேக் காட்டைப் பற்றிய படம். அயல்நாட்டுத் தொலைக்காட்சி நிறுவனங்கள் அவரைத் தேடி வந்த காலம் அது. அந்த வழியிலேயே போயிருந்தால் பணமும் பெயரும் தடையின்றிச் சேர்ந்திருக்கும். ஆனால் இரண்டாயிரமாவது ஆண்டையொட்டி அவர் திசை மாறினார். தொலைதூர நாட்டார் தம் வரவேற்பறையில் கண்டு வியப்பதற்கான படங்களை விட்டு, இந்நாட்டில் முடிவெடுக்கும் இடத்தில் இருப்போரும் பொதுமக்களும் காணவேண்டிய சிறு படங்களை எடுக்கத் தொடங்கினார்.

2001-இல் வந்த குதிரேமுகப் படம் அவற்றுள் ஒன்று. கருநாடகத்தின் மேற்கு மலைத்தொடரில், பத்திரை ஆறு பிறக்கும் மலைகளில் இரும்புத்தாது வெட்டியெடுத்து வந்தார்கள். சுற்றியிருந்த காடு 1987-லேயே தேசியப் பூங்கா என்று அறிவிக்கப்பட்டிருந்தும் வெட்டு நிற்கவில்லை. மழையில் மலை கரைந்து செந்நிறச் சேறாக ஆற்றில் இறங்கியது. வனத்துறையில் பணியாற்றி ஓய்வுபெற்ற கே. எம். சின்னப்பா என்பவர் உச்சநீதிமன்றத்தை நாடினார். 2002 அக்டோபர் 30-ஆம் நாள் தீர்ப்பு வந்தது. 2005 இறுதியுடன் சுரங்கம் மூடப்பட்டது. ஒரிசாக் கடற்கரையில் இழுவைப்படகுகளின் வலைகளில் சிக்கி மூச்சுமுட்டிச் சாகும் பங்குனி ஆமைகளைப் பற்றி ஒரு படம் எடுத்தார். 2010-இல் புலிகளைப் பற்றிய உண்மையைச் சொல்ல நாற்பது நிமிடப் படம் ஒன்றை எடுத்துக் குறுந்தகடுகளை இலவசமாகவே வழங்கினார்.

ஒரு படம் ஒரு மலையைக் காப்பாற்றிவிட்டது என்று சொல்லக் கேட்டிருக்கிறோம். அது அவ்வளவு நேரானதன்று என்பது எங்கள் எண்ணம். மலையைக் காத்தது வழக்குரைத்தவர்கள், ஆண்டுக் கணக்கில் சான்று திரட்டியவர்கள், மிரட்டலுக்கு அஞ்சாமல் நின்றவர்கள். படம் செய்தது வேறொன்று. அந்த மலையில் ஏறாதவரும் அந்தச் சேற்றைக் கண்ணால் காணும்படி செய்தது. அதற்குப்பின் 'எமக்குத் தெரியாதே' என்று சொல்லிக்கொள்ள இயலாமற் போகிறது. குசராத்துக் கடற்கரையில் திமிங்கிலச் சுறாக்கள் வெட்டப்படுவதை மைக் பாண்டே என்பவர் படமாக்கிக் காட்டினார். 2001-இல் அந்த மீன் சட்டத்தின் பாதுகாப்புக்குள் கொண்டுவரப்பட்டது. அங்கும் நடந்தது இதுவே.

ஆனால் பார்க்க வேண்டியவர் பார்த்தால்தானே! படம் எடுப்பதோடு பாதி வேலைதான் முடிகிறது. மீதிப் பாதி, பெட்டியைத் தூக்கிக்கொண்டு ஊர் ஊராகப் போவது. அதற்கு விருதும் கிடையாது, விளம்பரமும் கிடையாது. எங்கள் பகுதிக்கு அருகில் வேடந்தாங்கல் இருக்கிறது. துப்பாக்கியால் பறவைகளைச் சுட்டவர்கள் மீது ஊரார் முறையிட்டு, பதினெட்டாம் நூற்றாண்டின் இறுதியில் ஆட்சியர் லயனல் பிளேசிடம் பாதுகாப்புப் பெற்றார்கள். அவர்களுக்குப் படம் எதுவும் தேவைப்படவில்லை. பறவை எச்சம் கலந்த நீர் பாய்ந்த வயலில் நெல் செழிப்பதை அவர்கள் கண்ணாலேயே கண்டிருந்தார்கள். எங்கள் வயலில் சாரைப் பாம்பு செய்த வேலையும் அத்தகையதே. அதை நாங்கள் காணவில்லை. மறைவில் செய்யும் வேலை அல்லவா அது!

எங்கள் தெருவில் நெய்யப்படும் சேலைகளின் கரையில் அன்னம் உண்டு, மயில் உண்டு, யாளி உண்டு. அன்னப்பட்சியைக் கண்டவர் தெருவில் எவருமில்லை. யாளியைக் கண்டவர் உலகிலேயே இல்லை. ஏரியில் அன்றாடம் இறங்கும் கூழைக்கடாவோ நத்தைகுத்தி நாரையோ எந்த முந்தானையிலும் இடம்பெற்றதில்லை. அருகில் இருப்பதைப் பார்க்காமல் இல்லாததை நுணுக்கமாகப் பார்ப்பதில் நாம் எல்லாரும் வல்லவர்கள். பட்டின் இழை எத்தனை புழுக்கூடுகளைக் கொதிநீரில் இட்டதால் வந்தது என்னும் கணக்கையும் தெருவில் யாரும் பேசுவதில்லை. நெசவாளரை இதற்காகக் குறைசொல்ல எங்களுக்குத் தகுதி கிடையாது. எங்கள் திருமணச் சேலை அந்தத் தெருவில் நெய்ததுதான். பேச்சு எங்கோ போகிறது, வடநெம்மேலிக்குத் திரும்புவோம்.

2005 தொடக்கத்தில் மாணவர் நாற்பது பேரை அழைத்துக்கொண்டு அங்கே போனோம். முதலைப் பண்ணை வளாகத்துக்குள்ளேயே இருளர் சங்கம் இயங்கி வந்தது. 1978-இல் தொடங்கியது. பாம்புத்தோல் வணிகம் தடைசெய்யப்பட்ட பிறகு, பாம்பு பிடிப்பதைத் தவிர வேறு தொழில் அறியாத மக்களுக்குப் பிழைக்க வழி வேண்டியிருந்தது. கொன்று தோலை விற்ற அதே கைகள், கொல்லாமல் நஞ்சை எடுத்துவிட்டு விடுவிக்கத் தொடங்கின. மண்பானைகளில் பாம்புகள் இருந்தன. வாயில் துணி கட்டியிருந்தது. நாகம், கட்டுவிரியன், கண்ணாடி விரியன், சுருட்டை விரியன் என நான்கு வகை. ஒவ்வொரு பாம்பையும் சில வாரங்களே வைத்திருந்து, நான்கு முறை நஞ்செடுத்து, வயிற்றுச் செதிலில் அடையாளமிட்டுக் காட்டில் விடுவார்களாம். அந்த நஞ்சிலிருந்துதான் குதிரைகளின் துணையோடு நச்சுமுறி மருந்து செய்யப்படுகிறது. அந்த விடியற்காலை எங்கள் மாணவனுக்குத் தேவைப்பட்ட மருந்து அது.

நஞ்செடுத்துக் காட்டிய முதியவர் கைகளைக் கழுவிவிட்டு எங்களிடம் வந்தார்.

"எந்த ஊரு சார்?"

"தென்னேரி."

"ஏரிக்கரையில நம்ம ஜனம் இருக்குதே சார். அவங்களைக் கேட்டாலே எல்லாம் சொல்லுவாங்களே. இம்மாம் தூரம் பிள்ளைங்களை இட்டுக்கினு வந்தீங்களே!"

அவர் வியப்பாகத்தான் கேட்டார். எங்களால் பதில் சொல்ல இயலவில்லை. திரும்பும் வழியில் பேருந்தில் இருவரும் பேசிக்கொள்ளவும் இல்லை. எங்கள் ஊர் மூதாட்டி அதற்கு முந்தைய ஆண்டே இறந்துபோயிருந்தார்.

பின்னாளில் அந்தச் சங்கத்தைச் சேர்ந்த வடிவேல் கோபால், மாசி சடையன் என்னும் இருவர் 2017-இல் அமெரிக்காவின் புளோரிடாவுக்கு அழைக்கப்பட்டார்கள். அங்கே பெருகிவிட்ட மலைப்பாம்புகளைத் தேடிப் பிடிப்பதற்காக! போன இரண்டு வாரத்துக்குள் 13 பாம்புகளைப் பிடித்தார்கள். 2023-இல் இருவருக்கும் பத்மஸ்ரீ வழங்கப்பட்டபோது தொலைக்காட்சியில் பார்த்தோம். ஏரிக்கரைக் குடிசைகளிலும் அன்று பார்த்திருப்பார்கள். இதற்கிடையில் 2020-இல் வெளிவந்த ஆய்வு ஒன்று, 2000 முதல் 2019 வரை இந்தியாவில் பாம்புக்கடியால் இறந்தவர்கள் ஏறத்தாழ 12 இலட்சம் பேர் எனக் கணக்கிட்டிருந்தது. ஆண்டுக்குச் சராசரி 58,000. எங்கள் மாணவன் அந்தக் கணக்கிலும் சேரமாட்டான். அவன் போனது 1992-இல்.

வடநெம்மேலி சென்றுவந்த அதே ஆண்டு, சென்னை நண்பர் ஒருவர் வழியாகப் பழைய ஒளிநாடா ஒன்று கிடைத்தது. பாம்புக்கடியைப் பற்றிய அந்த முதற்படந்தான். பங்கு மன்றத்தில் ஒரு மாலைப் பொழுது தொலைக்காட்சிப் பெட்டி ஒன்றை மேசைமேல் ஏற்றி வைத்துத் திரையிட்டோம். ஏரிக்கரை இருளர் குடும்பங்களுக்கு நேரில் சென்று சொன்னோம். முதலில் தயங்கினார்கள். வந்தபின் வாசலருகே உட்காரப் போனவர்களை முன்வரிசைக்கு அழைத்தோம். அதற்குத் தெருவில் முணுமுணுப்பு எழாமல் இல்லை. படம் ஓடும்போது அந்தப் பிள்ளைகள் திரையில் தோன்றிய பாம்புகளை ஒவ்வொன்றாகப் பெயர் சொல்லிக் கூவினார்கள். ஒரு தடவைகூடத் தவறவில்லை. முணுமுணுத்தவர்களே பிறகு அவர்களிடம் குனிந்து, இது என்ன, அது என்ன எனக் கேட்டார்கள்.

படம் முடிந்ததும், கடிபட்டவரை அசையாமல் கிடத்தி, கீறாமல், கட்டாமல், காலம் தாழ்த்தாமல் மருத்துவமனைக்குக் கொண்டுபோக வேண்டும் என்று நாங்கள் விளக்கினோம். தரையில் படுப்போர் கொசுவலையைப் பாயின் அடியில் செருகிக்கொண்டு படுத்தால் கட்டுவிரியனுக்கும் அது தடை என்றோம். கூட்டம் கலைந்தது. கம்பிகளைச் சுருட்டிக்கொண்டிருந்தோம்.

பின்வரிசை நாற்காலியில் ஒருவர் மட்டும் எழாமல் அமர்ந்திருந்தார். பையனின் தந்தை. அவர் வந்திருந்ததை நாங்கள் கவனிக்கவில்லை. மெல்ல எழுந்து எங்களிடம் வந்தார். தறியில் உட்கார்ந்து உட்கார்ந்து கூன் விழுந்த உடம்பு. தொலைக்காட்சிப் பெட்டியின் அணைந்த திரையைச் சற்று நேரம் பார்த்தபடி நின்றார்.

"இந்தப் படத்தை எந்த வருசம் சார் எடுத்தாங்க?"

எங்களுள் ஒருவர் மற்றவர் முகத்தைப் பார்த்தோம். பொய் சொல்லியிருக்கலாம். சொன்னோம், 1992-க்கு முன்னால் என்று.

அவர் தலையை அசைத்தார். பிறகு குனிந்து, நாங்கள் சுருட்டிக்கொண்டிருந்த கம்பியின் மறுமுனையை எடுத்து, தறியில் நூலைச் சுற்றுபவர் போலச் சீராக, சிக்கில்லாமல் சுற்றத் தொடங்கினார்.